பதினொரு சீட்டில் ஒரு சொல்

ஷாயிஸ்தாவை வேலைக்கு எடுத்தபோது கேட்கப்பட்ட முதல் கேள்வி, "இங்கிலீஷ் புரியுமா?" என்பது. புரியாது என்று தலையைக் குனிந்துகொண்டு சொன்னார். வேலை கைநழுவிவிட்டது என்றே நினைத்தார். "அப்ப சரி. திங்கட்கிழமை வந்துடும்மா" என்றார்கள்.

இது நடந்து பத்தொன்பது வருடங்கள் ஆகின்றன. தாம்பரம் சானடோரியம் பக்கம் ஒரு மூன்று மாடிக் கட்டடம். வெளிநாட்டு நூலகங்கள் தங்களிடமுள்ள பழைய நூல்களையும் கையெழுத்துத் தாள்களையும் படம் பிடித்து அனுப்பும். அந்தப் படங்களைத் திரையில் பார்த்து, எழுத்து எழுத்தாகக் கணினியில் அடித்துத் தருவது அங்கே தொழில். ஒரே படத்தை இரண்டு பேர் தனித்தனியாக அடிப்பார்கள். ஒருவருக்கு மற்றவர் யாரென்று தெரியாது. கணினி இரண்டையும் ஒப்பிடும். ஓர் எழுத்து வேறுபட்டாலும் மூன்றாவது ஆள் படத்தைப் பார்த்து, யார் செய்த தப்பு என்று குறித்துவைப்பார்.

இந்த வேலைக்கு ஆங்கிலம் அறிந்தவர்கள் ஆக மாட்டார்களாம். அறிந்தவரின் கண் படத்தில் இருப்பதைப் பார்க்காது, அங்கே இருக்க வேண்டியதைப் பார்த்துவிடும். அந்தக் காலத்து ஆள் எழுதியதை விரல் தானாகத் திருத்திவிடும். அதனால் தமிழ்வழியில் பன்னிரண்டாவது முடித்து, தட்டச்சில் ஹையர் பாஸ் செய்த பெண்களாகப் பார்த்து எடுத்தார்கள். கூடத்தின் சுவரில் இன்றைக்கும் தமிழில் ஒரு பலகை தொங்குகிறது: "பார். அடி. யோசிக்காதே."

அறியாமையைத் தகுதியாக வைத்து ஆள் எடுக்கும் தொழில் ஒன்று நம் ஊரில் நடக்கிறது என்பது எனக்கு வெகுநாள் தெரியாது. ஒரு காலத்தில் நீ படிக்கக் கூடாது என்று அடித்து விரட்டினார்கள். இப்போது படி, ஆனால் புரிந்துகொள்ளாதே என்று குளிரூட்டிய அறையில் உட்காரவைத்துச் சம்பளம் கொடுக்கிறார்கள்.

நான் செம்பாக்கத்தில் ஷாயிஸ்தாவின் வீட்டுக்கு அடுத்த தெருவில் இருக்கிறேன். யாருக்காவது மனு, புகார், மேல்முறையீடு எழுத வேண்டுமென்றால் என்னிடம் வருவார்கள். ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை, அவரும் அவர் கணவர் நசீருதீனும் ஒரு பழுப்பு உறையுடன் வந்தார்கள். நசீருதீனுக்குச் சேலையூரில் கார் சீட் கவர் தைக்கும் கடை. நிறையப் பேசுகிற மனிதர். அன்றைக்கும் அவர்தான் ஆரம்பித்தார்.

"சார், என் வூட்டம்மா திருடிட்டாங்களாம். இன்னா திருடினாங்கன்னு கேளுங்க. வார்த்தை. வார்த்தையப் போய் எவனாச்சும் திருடுவானா? அதை வெச்சுக்கினு அடகுகூட வெக்க முடியாது."

"நீங்க கொஞ்சம் சும்மா இருங்க" என்றார் ஷாயிஸ்தா.

உறைக்குள் இருந்த கடிதத்தின் சாரம் இது. ஷாயிஸ்தாவின் பையில் ஒரு நோட்டுப்புத்தகம் கிடைத்தது. அதில் வாடிக்கையாளரின் ரகசிய ஆவணங்கள் பதினொன்றின் பட எண்களும் உள்ளடக்கமும் எழுதப்பட்டிருக்கின்றன. பணிக்கூடத்துக்குள் பேனா, தாள், செல்போன் எதற்கும் அனுமதியில்லை. ஆகவே அவர் செல்போனை மறைத்து எடுத்துச் சென்று ஆவணங்களைப் படம் பிடித்திருக்க வேண்டும். இது தரவுத் திருட்டு. வெள்ளிக்கிழமை விசாரணை. ஓர் ஆளைத் துணைக்கு அழைத்து வரலாம், அந்த ஆள் பேசக் கூடாது. கடிதத்தோடு நோட்டின் நான்கு பக்கங்கள் ஜெராக்ஸ் எடுத்து இணைக்கப்பட்டிருந்தன.

திருட்டு என்று எழுதி வேலையைவிட்டு அனுப்பினால், அந்த வட்டாரத்தில் அதே தொழில் செய்யும் எந்தக் கம்பெனியும் ஷாயிஸ்தாவை வாசலுக்குள் விடாது. நாற்பத்து மூன்று வயது. பட்டம் கிடையாது. தெரிந்த வேலை அது ஒன்றுதான்.

"போன் எடுத்துட்டுப் போனீங்களா?" என்று கேட்டேன்.

"இல்ல சார்."

"அப்ப எப்படி எழுதினீங்க?"

"பாத்தது ஞாபகம் இருந்துச்சு. வூட்டுக்கு வந்து எழுதினேன்."

"பட நம்பர் எல்லாம் பத்து பத்து இலக்கம் இருக்கே?"

"அதுவும்தான் ஞாபகம் இருந்துச்சு" என்றார், அதில் என்ன அதிசயம் என்பதுபோல. "தெனம் நானூறு நம்பர் அடிக்கிறேன் சார். வேணும்னு நெனச்சா ஒண்ணு ரெண்டை வெச்சுக்கலாம்."

நோட்டு எப்போதும் வீட்டிலேயேதான் இருக்குமாம். அந்த வாரம் வீட்டுக்கு வெள்ளை அடித்தார்கள். சாமான்கள் எல்லாம் வெளியே கிடந்ததால் நோட்டைப் பையில் போட்டுக்கொண்டு வேலைக்குப் போயிருக்கிறார். பையை நுழைவாயில் லாக்கரில் வைத்துவிட்டுத்தான் உள்ளே போக முடியும். அன்றைக்கென்று மேலிடத்து உத்தரவு வந்து லாக்கர்களைத் திறந்து பார்த்தார்கள். பார்த்தவர் காவலாளி அந்தோணிசாமி.

"அவரும் இன்னா பண்ணுவார் பாவம்" என்றார் ஷாயிஸ்தா. "'யக்கா, நோட்டு பூரா நம்பரா கீதே, நான் குடுக்கலைன்னா என்னைத் தூக்கிருவான்'னு சொல்லிட்டுத்தான் குடுத்தார்."

நான் ஜெராக்ஸ் பக்கங்களை எடுத்துப் பார்த்தேன். திருட்டு ஆவணத்தைப் பார்க்கிற எண்ணத்தில்தான் எடுத்தேன். இரண்டாவது பக்கத்தில் நாற்காலியை மேஜைக்கு அருகே இழுத்துப் போட்டுக்கொண்டேன்.

பதினொரு பதிவுகளும் ஒரே ஒரு ஆங்கிலச் சொல்லைப் பற்றியவை. ஃபார்ஸ்வங்க். நான் அதற்குமுன் கேள்விப்பட்டதில்லை. ஒவ்வொரு பதிவிலும் மேலே பட எண், அதன்கீழ் சில ஆங்கில வரிகள், அதன்கீழ் தமிழில் இரண்டு கட்டங்கள். ஒன்றின் தலைப்பு 'முன்னாடி', இன்னொன்றின் தலைப்பு 'அப்புறம்'.

விளக்கம் கேட்டேன். ஷாயிஸ்தா நிதானமாகச் சொன்னார். ஏறக்குறைய நூறு வருடங்களுக்கு முன், யாரோ தொடங்கிய ஓர் அகராதிக்காகப் பலர் பழைய ஏடுகளைப் படித்து, அரிய சொற்களைக் கண்ட இடத்தையெல்லாம் சீட்டுகளில் எழுதி அனுப்பியிருக்கிறார்கள். அந்த அகராதி வெளிவரவில்லை. சீட்டுகள் பெட்டிகளில் கிடந்தன. இப்போது ஒரு நூலகம் அவற்றைப் படம் பிடித்து அனுப்புகிறது. கிறுக்கலான கையெழுத்து என்பதால் இயந்திரத்தால் படிக்க முடியவில்லை, மனிதரிடம் வருகிறது. சீட்டின் மேல்பாதியில் ஐந்நூறு அறுநூறு வருடத்துப் பழைய வரி இருக்கும். கீழ்ப்பாதியில் சீட்டு எழுதியவர் அந்த வரியின் கருத்தைத் தன் காலத்து ஆங்கிலத்தில் எழுதியிருப்பார். அந்த ஒரு சொல்லுக்கு மட்டும் அர்த்தம் எழுத மாட்டார். அதை அகராதி செய்கிறவர்கள் முடிவு செய்துகொள்ளட்டும் என்று விட்டிருப்பார்.

"இங்கிலீஷ் புரியாதுன்னு சொல்லித்தானே சேந்தீங்க?"

"அப்ப நெசமாவே புரியாது சார். நாலு வருஷம் வெறும் எழுத்துதான். அப்புறம் வார்த்தை தெரிஞ்சுது. ஒருநாள் அடிச்சுக்கிட்டே இருக்கேன், ஒரு அம்மா தன் புள்ளைக்கு லெட்டர் எழுதறாங்க, பனி பெய்யுது, வராதேன்னு. கை பாட்டுக்கு அடிக்குது. நான் அந்தப் புள்ள கெளம்பிட்டானோன்னு நெனச்சுக்கிட்டு இருக்கேன். அன்னைக்குத்தான் தெரிஞ்சுது, புரியுதுன்னு. யார்கிட்டயும் சொல்லல. சொன்னா வேலை போயிடும்."

அந்தச் சொல் முதலில் வந்தபோது அவருக்கு அர்த்தம் தெரியவில்லை. வீட்டில் இருந்த சின்ன அகராதியில் இல்லை. மூன்று வாரம் கழித்து இரண்டாவது சீட்டு வந்தது. ஏழு மாதங்களில் பதினொன்று சேர்ந்தன.

"கேம்ப் ரோடு பஸ் ஸ்டாப்புல தெனம் ஒரு அம்மாவைப் பாக்கறேன் சார். பேர் தெரியாது. கையில டிபன் கேரியர் இருக்கும். ஒருநாள் பையில ஆஸ்பத்திரி அட்டை தெரியுது. ஒருநாள் பிளாஸ்க்கு. பஸ் வர்ற வரைக்கும் ரோட்டைப் பாக்காம தரையவே பாக்கறாங்க. ரெண்டு மாசத்துல அவங்க கதை எனக்குத் தெரிஞ்சுபோச்சு, ஒரு வார்த்தை பேசாமலே. இந்தச் சொல்லையும் அப்படித்தான் பாத்தேன். அது வர்றதுக்கு முன்னாடி என்ன நடந்துச்சு, அப்புறம் என்ன நடந்துச்சுன்னு எழுதிக்கிட்டே வந்தேன்."

'முன்னாடி' கட்டங்களைப் படித்தேன். அறுவடை. சலவை. கல் சுமத்தல். பகல் முழுக்க ஏர் இழுத்த எருது. பதினோரு மாதம் துடுப்புப் போட்ட ஆள். எல்லாமே வேலை. 'அப்புறம்' கட்டங்களைப் படித்தேன். அறுவடை முடிந்து வந்தவன் சாப்பாட்டுத் தட்டின் எதிரில் உட்கார்ந்திருக்கிறான், கை எழும்பவில்லை. சலவைக்காரி ஞாயிற்றுக்கிழமை முழுக்கத் தூங்குகிறாள், திங்கட்கிழமை அப்படியே எழுந்திருக்கிறாள். எருது மறுநாள் எழவில்லை, கறிக்காரனிடம் போகிறது. ஒரு பண்ணைக் கணக்கன், 'ஆட்கள் தங்களை இப்படிச் சொல்லிக்கொள்கிறார்கள், ஒருநாள் ஓய்வு கொடுத்தும் அதையே சொல்கிறார்கள், சோம்பேறிகள்' என்று முதலாளிக்கு எழுதுகிறான்.

கடைசிப் பக்கத்தில் ஷாயிஸ்தா தமிழில் ஒரு முடிவு எழுதியிருந்தார். 'இது அசதி இல்லை. அசதி தூங்கினால் போகும். இந்தப் பதினொன்றில் ஒருவருக்கும் தூங்கிப் போகவில்லை. வேலை பிழிந்து எடுத்த பிறகு மிச்சம் இருக்கிற (ஆள், மாடு) என்று அர்த்தம்.'

என் அலமாரியில் தடித்த ஆங்கில அகராதி ஒன்று இருக்கிறது. மூர் மார்க்கெட்டில் வாங்கியது. தேடினேன், இருந்தது. வழக்கொழிந்த பெயரடை என்று குறி போட்டிருந்தார்கள். உழைத்தல் என்று பொருள்படும் ஒரு பழைய வினையிலிருந்து பிறந்தது, முன்னால் ஒட்டியிருக்கும் துண்டு ஒரு செயலை அதன் எல்லைவரை தள்ளி அழித்துவிடுவதைக் காட்டுவது, உழைப்பால் ஓய்ந்துபோன என்று பொருள். தனியாக வருவதைவிட, வியர்த்து ஓய்ந்த என்னும் இன்னொரு பழஞ்சொல்லோடு ஜோடியாக வரும் என்றும் இருந்தது.

நான் அகராதியை மூடவில்லை. விரலை அந்த வரியிலேயே வைத்துக்கொண்டு அவரைப் பார்த்தேன். கல்லூரி வாசலை மிதிக்காத ஒரு பெண். காலை ஆறு மணி ஷிப்டுக்கு ஷேர் ஆட்டோவில் நெருக்கியடித்துப் போகிறவர். தாளும் பேனாவும் பறிக்கப்பட்ட ஓர் அறையில், யோசிக்காதே என்ற பலகையின் கீழே உட்கார்ந்து, சில நூறு வருடங்களுக்கு முன் செத்துப்போன ஒரு சொல்லின் பொருளைத் தன்னந்தனியாகக் கண்டுபிடித்திருக்கிறார். அகராதிக்காரர்கள் கூட்டமாக உட்கார்ந்து தலைமுறைக் கணக்கில் செய்கிற முறையும் இதுதான். அவர்களுக்கு அதைச் சொல்லிக்கொடுக்க ஆள் இருந்தது. எனக்கு ரோமம் சிலிர்த்தது என்பதைச் சொல்லிவிடுகிறேன். நான் கடவுளைக் கும்பிடுகிறவன் அல்ல. மனிதத் தலைக்குள் இருக்கும் அந்த ஒன்றேகால் கிலோவுக்குத்தான் என் கும்பிடு.

அகராதியில் இருந்ததைத் தமிழில் சொன்னேன். ஷாயிஸ்தா கவனமாகக் கேட்டார்.

"அதுல 'அப்புறம்' போட்டிருக்கா சார்?"

"எது?"

"தூங்கினாலும் போகாதுங்கறது."

மறுபடி பார்த்தேன். இல்லை.

"அதான் முக்கியம்" என்றார்.

"சார், அது கெடக்கட்டும்" என்றார் நசீருதீன். "வெள்ளிக்கிழமைக்கு இன்னா பண்றது?"

வெள்ளிக்கிழமைக்கு என்ன செய்வது என்பதும் அந்த நான்கு பக்கங்களிலேயே இருந்தது. ஷாயிஸ்தாதான் போகிற போக்கில் சொன்னார்.

"அதுல இருக்கற இங்கிலீஷ் சீட்டுல இருக்கற மாதிரியே இருக்காது சார். வூட்டுக்கு வர்றதுக்குள்ள எழுத்து மறந்துடும், விஷயம் மறக்காது. எனக்குத் தெரிஞ்ச வார்த்தையப் போட்டு எழுதியிருப்பேன்."

நான் நிமிர்ந்து உட்கார்ந்தேன். செல்போனில் படம் பிடித்துப் பார்த்து எழுதினால் எழுத்து அப்படியே இருக்கும். தப்பு வந்தாலும் கண் தப்பிய தப்பாக, ஒரு வரி விட்டுப்போனதாக இருக்கும். சொல் மாறி, பொருள் மட்டும் மாறாமல் இருக்கிறதென்றால் அது தலை வழியாகத்தான் வெளியே வந்திருக்கிறது. இதைவிடச் சுத்தமான சாட்சி வேறென்ன வேண்டும்? நோட்டையும் படங்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கச் சொல்லிக் கேட்டாலே போதும்.

"முடியாது சார்" என்றார் ஷாயிஸ்தா.

"ஏன்?"

"பத்தொம்போது வருஷத்துல என் பேர்ல பன்னெண்டு தப்பு ஏறியிருக்கு. மொத்தமே பன்னெண்டு. அந்த ஃப்ளோர்ல வேற யாருக்கும் அப்படிக் கிடையாது. புதுசா சேர்றவங்களுக்கு என் ஷீட்டத்தான் காட்டுவாங்க. இப்ப நான் போய் எல்லார் எதிர்லயும், பாருங்க நான் பதினோரு சீட்டுல எத்தனை தப்பு பண்ணியிருக்கேன்னு காட்டணுமா?"

"ஷாயி, வேலை போயிடும்" என்றார் நசீருதீன். முதல் தடவையாக அவர் குரலில் கேலி இல்லை.

"போவட்டும். தப்பு பண்றவன்னு போறதுக்குத் திருடின்னு போறேன்."

நான் வாதாடிப் பார்த்தேன். அவர் அசையவில்லை. அவர் அனுமதியில்லாமல் அந்தக் காரணத்தை எழுத முடியாது. தொழிலாளர் சட்டத்தை அடுக்கி ஆறு பக்கத்தில் ஒரு பதில் எழுதிக் கொடுத்தேன். அனல் பறக்க எழுதியிருந்தேன். அதனால் ஒரு பயனும் இல்லை என்று எழுதும்போதே எனக்குத் தெரியும்.

விசாரணை இரண்டாவது மாடியில், கண்ணாடித் தடுப்புப் போட்ட சின்ன அறையில் நடந்தது. விசாரணை அதிகாரி ரோஹிணி என்ற வழக்கறிஞர். கம்பெனி ஏற்பாடு செய்தவர்தானே என்று நான் அலட்சியமாக நினைத்தேன். அது என் தப்பு. பிரிவு மேலாளர் ராஜாராமன் குற்றச்சாட்டைப் படித்தார். ஷாயிஸ்தாவைச் சேர்த்த நாளிலிருந்து அறிந்தவர். கெட்ட மனிதராகத் தெரியவில்லை. கண்ணுக்குக் கீழே கறுத்து, உட்கார்ந்த இடத்திலேயே தூங்கிவிடுவார் போல இருந்தார். சாட்சியாக அந்தோணிசாமி மூலையில் தொப்பியை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். துணை ஆளாக நான் போனதால் நசீருதீனை உள்ளே விடவில்லை.

என் ஆறு பக்கங்களை ரோஹிணி முழுவதும் படித்தார். "நல்லா எழுதியிருக்கு. ஆனா எப்படி வெளிய போச்சுங்கறதுக்குப் பதில் இல்லையே" என்றார். சரியாகச் சொன்னார். ஷாயிஸ்தாவைப் பார்த்து, "எப்படிம்மா எழுதினீங்க?" என்று கேட்டார்.

"ஞாபகத்துல இருந்து எழுதினேன் மேடம்."

ராஜாராமன் கண்களைத் தேய்த்துக்கொண்டார். "மேடம், ப்ராக்டிகலா பேசுவோம். இவங்க ஒரு ஷிப்ட்ல நானூறு இமேஜ் பண்றாங்க. அதுல ஒண்ணை, நம்பரோட, கன்டென்டோட ஞாபகம் வெச்சு வீட்ல போய் எழுதறது யாராலயும் முடியாது. போன் உள்ள வந்திருக்கு. அதை விட்டது செக்யூரிட்டி. அந்தோணிசாமி மேலயும் ஆக்‌ஷன் எடுக்கப்போறோம். ஏஜென்சிக்கு லெட்டர் ரெடியா இருக்கு."

அந்தோணிசாமிக்கு அது செய்தி. "சார், நான் தெனம் அக்காவ செக் பண்ணித்தான் அனுப்பறேன் சார். கேமராவுல கீது, பாருங்க" என்றார். எழுந்து நின்றுவிட்டார். "நான் இன்னா தப்பு பண்ணேன். நான்தானே நோட்டையே புடிச்சுக் குடுத்தேன்."

ஷாயிஸ்தா அவரைப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார். நான் எதுவும் பேசக் கூடாத ஆள். முகத்தைக்கூட அசைக்காமல் உட்கார்ந்திருந்தேன்.

"மேடம்" என்றார் ஷாயிஸ்தா. "நோட்டையும் சீட்டையும் ஒண்ணா வெச்சுப் பாருங்க. நான் எழுதினதுல தப்பு இருக்கும்."

"என்ன தப்பு?"

"பாருங்க, தெரியும்."

பட எண்களைச் சொல்லச் சொல்ல ராஜாராமன் ஒவ்வொன்றாகத் திரையில் எடுத்தார். ரோஹிணி நோட்டை வைத்துக்கொண்டு வரி வரியாக ஒப்பிட்டார். முதல் சீட்டில் எருது என்பதற்கு ஓர் ஆங்கிலச் சொல், நோட்டில் வேறொன்று. இரண்டாவதில் கிண்ணம் என்பது நோட்டில் தட்டாகியிருந்தது. மூன்றாவது அப்படியே இருந்தது. நான்காவதில் இரண்டு வாக்கியங்கள் இடம் மாறியிருந்தன. ஒவ்வொரு தப்பையும் ரோஹிணி சத்தமாகப் படித்துக் குறித்தார். கண்ணாடித் தடுப்புக்கு அந்தப் பக்கம் வேலை செய்துகொண்டிருந்த பெண்கள் இரண்டொருவர் திரும்பிப் பார்த்தார்கள். ஷாயிஸ்தா மேஜையைப் பார்த்துக்கொண்டிருந்தார். அவர் காது மடல்கள் சிவந்துவிட்டன.

பதினொன்றில் எட்டில் தப்பு. எட்டிலும் சொல்லோ வரிசையோ மாறியிருந்தது. ஒன்றில்கூடப் பொருள் மாறவில்லை.

ரோஹிணி பேனாவை வைத்துவிட்டார். "ராஜாராமன் சார், போட்டோவைப் பாத்து எழுதினா இப்படி வராது."

"வராது" என்றார் ராஜாராமன். பிறகு வேறு குரலில், "ஆனா மேடம், இப்ப பிரச்சினை இன்னும் பெருசாகுது. இவங்களுக்குப் புரியுது. புரிஞ்சா மாத்தி அடிப்பாங்கன்னுதான் புரியாதவங்களை எடுக்கறோம். இங்கயே பாருங்க, பதினொண்ணுக்கு எட்டு மாத்தியிருக்காங்க. இனிமே இவங்களை எப்படி அந்த சீட்ல உக்கார வைக்கறது?"

எனக்கு ரத்தம் கொதித்தது. திருட்டிலிருந்து காப்பாற்றிய அதே சாட்சி அவர் கழுத்தில் கயிறாக விழுந்துவிட்டது. பேசக் கூடாது என்ற நிபந்தனையை மீறி வாயைத் திறக்கப் போனேன். அதற்குள் ஷாயிஸ்தா சொன்னார்.

"ஆபீஸ்ல நான் அடிச்சதை எடுத்துப் பாருங்க சார். இதே பதினொண்ணு."

ராஜாராமன் பதிவேட்டைத் திறந்தார். அதே பட எண்கள், அதே நாட்கள், ஷாயிஸ்தாவின் பெயரில். முதல் சீட்டு. மற்ற ஆள் அடித்ததோடு வேறுபாடு இல்லை, தப்பு இல்லை. இரண்டாவது, இல்லை. ராஜாராமன் கீழே இறக்கிக்கொண்டே போனார். பதினொன்றாவது வரை ஒரு புள்ளி, ஒரு எழுத்துகூடப் பிசகவில்லை. நூறு வருடத்துக்கு முந்தைய ஆள் ஒரு சொல்லைத் தப்பாக எழுதியிருந்த இடத்தில் தப்பாகவே அடிக்கப்பட்டிருந்தது.

ஒரே பெண், ஒரே படம், ஒரே நிமிடம். விரல்கள் ஒன்றையும் மாற்றாமல் எடுத்துப் போயிருக்கின்றன. அதே நேரத்தில் தலை அந்த வரியின் பொருளைத் தனியாக எடுத்துவைத்திருக்கிறது. ஒன்று மற்றதைத் தொடவில்லை. புரிந்துகொண்டால் வேலை கெடும் என்று பலகை மாட்டி, பத்தொன்பது வருடம் இருநூறு பெண்களை ஏய்த்த ஒரு நம்பிக்கை என் கண்ணெதிரே பதினொரு வரியில் நொறுங்கியது. அதை நொறுக்கியவர் கைகளை மடியில் வைத்துக்கொண்டு அமைதியாக உட்கார்ந்திருந்தார்.

"எப்படிம்மா?" என்றார் ராஜாராமன்.

"கை அது வேலையப் பாக்குது சார். தலை சும்மாதானே இருக்கு."

ரோஹிணி அங்கேயே கையால் எழுதினார். திருட்டுக் குற்றச்சாட்டு நிரூபிக்கப்படவில்லை. காவலாளி மீது நடவடிக்கைக்குக் காரணம் இல்லை. ஆவணத்தின் உள்ளடக்கம் வெளியே எழுதப்பட்டது விதிமீறல்தான், அதனால் நோட்டு கம்பெனி வசம் இருக்கும். அந்தோணிசாமி சுவரோரமாக நடந்து வெளியே போனார். போகும்போது, "பேஜாராப் போச்சுக்கா" என்று ஷாயிஸ்தாவிடம் மெதுவாகச் சொல்லிவிட்டுப் போனார்.

அரை மணி கழித்து, திரும்ப வேலையில் சேர்த்துக்கொள்ளும் கடிதத்தை அச்சடித்து எடுத்துவந்தார் ராஜாராமன். அதோடு ஓர் உறுதிமொழித் தாள். தமிழில் இருந்தது. ஷாயிஸ்தா இரண்டையும் நிதானமாகப் படித்தார். உறுதிமொழியில் மூன்று வரிகள். ஆவணங்களைப் பற்றி வெளியே எழுத மாட்டேன். வெளியாரிடம் பேச மாட்டேன். பணியின்போது ஆவணங்களின் பொருளைப் புரிந்துகொள்ள முயல மாட்டேன்.

"முதல் ரெண்டுக்குக் கையெழுத்து போடறேன் சார். மூணாவதுக்கு முடியாது."

"அது ஃபார்மாலிட்டிம்மா. எல்லாருக்கும் இதேதான் இனிமே. மேல கேக்கறாங்க."

"போட்டா பொய் சார். உள்ள போய் உக்காந்த உடனே புரியும். நான் முயற்சி பண்றது இல்ல, அதுவா புரியுது. நாளைக்கு இதையே எடுத்துக் காட்டி, எழுதிக் குடுத்துட்டு மீறிட்டேன்னு சொல்வீங்க."

"போடலைன்னா இன்னிக்கு உங்களை ஃப்ளோருக்கு அனுப்ப முடியாது."

"சரி சார்."

சரி என்றால் சரிதான். எழுந்து கிளம்பும் தோரணையில் முந்தானையைச் சரிசெய்தார். வாசலுக்கு வெளியே நசீருதீன் மூன்று மணி நேரமாக வெயிலில் நிற்கிறார். ஏழு மாத நோட்டு போய்விட்டது. தன் தப்புகளைக் கண்ணாடி அறையில் படிக்கக் கேட்டாகிவிட்டது. இவ்வளவுக்குப் பிறகு ஒரு கையெழுத்துதான் பாக்கி, அதைப் போட மாட்டேன் என்கிறார். போட்டுவிடுங்கள் என்று சொல்ல என் நாக்கு துடித்தது. வாழ்நாள் முழுக்கப் பிறருக்கு வீரம் சொல்லிக்கொடுத்த எனக்கு.

ரோஹிணி கோப்பைக் கட்டிக்கொண்டிருந்தவர் நிறுத்தினார். "ராஜாராமன் சார், ஒருத்தர் புரிஞ்சுக்க மாட்டேன்னு எழுதிக் குடுக்கற தாளை நான் கோர்ட்ல பாத்தா சிரிப்பேன். உங்க இஷ்டம்."

ராஜாராமன் கதவுக்கு வெளியே கூடத்தைப் பார்த்தார். நாலு வரிசையில் பெண்கள் அடித்துக்கொண்டிருந்தார்கள். அந்த மனிதர் என்ன யோசித்தார் என்று எனக்குத் தெரியாது. ஷாயிஸ்தாவைப் பார்த்து ஒரு கேள்வி கேட்டார்.

"அந்த வார்த்தை, என்னதான் அர்த்தம்?"

"ரொம்ப வேலை செஞ்சு, தூங்கினாலும் சரியாகாம போனவங்க சார்."

"அதுக்குன்னு ஒரு வார்த்தை வெச்சிருந்தாங்களா?"

"வெச்சிருந்தாங்க. விட்டுட்டாங்க."

அவர் ரோஹிணியிடம் பேனாவை வாங்கினார். மூன்றாவது வரியின் மேல் கோடு போட்டார். ஒரு கோடு போதாது என்று நினைத்தாரோ என்னவோ, எழுத்து தெரியாத அளவுக்கு அழுத்தி இன்னொரு கோடு போட்டு, ஓரத்தில் தன் சுருக்கொப்பத்தை இட்டார்.

ஷாயிஸ்தா மீதி இரண்டு வரிகளையும் மறுபடி ஒருமுறை படித்துப் பார்த்துவிட்டுக் கையெழுத்துப் போட்டார். மணி பன்னிரண்டரை. ஷிப்ட் முடிய ஒன்றரை மணி நேரம் இருந்தது. "இன்னைக்கு வீட்டுக்குப் போங்க, திங்கட்கிழமை வாங்க" என்றார் ராஜாராமன்.

"இல்ல சார், இருக்கற இமேஜ முடிச்சுட்டுப் போறேன்" என்று சொல்லிவிட்டு, ஷாயிஸ்தா என்னிடம் திரும்பினார். "சார், அவர்கிட்ட சொல்லிடுங்க, ரெண்டு மணிக்கு வர்றேன்னு. வெயில்ல நிக்க வேணாம், கடையத் தொறக்கச் சொல்லுங்க."

கண்ணாடிக் கதவைத் தள்ளிக்கொண்டு உள்ளே போனார். இரண்டாவது வரிசையில் ஓரத்து நாற்காலி. உட்கார்ந்தார், திரையில் ஒரு சீட்டு வந்தது. விரல்கள் ஓட ஆரம்பித்தன. முகத்தில் ஒரு சலனமும் இல்லை. வெளியே இருந்து பார்க்கிற யாருக்கும் அந்தத் தலைக்குள் என்ன நடக்கிறது என்று தெரிய வழியே இல்லை. நான் படியிறங்காமல் கொஞ்ச நேரம் அங்கேயே நின்று பார்த்துக்கொண்டிருந்தேன்.